ஜுனைதீன் நானாவின் திருத்தத் துண்டுகள்

சென்ற வெள்ளிக்கிழமை காலை கலகெதரயிலிருந்து தொலைபேசி வந்தது. பேசியவர் ஜுனைதீன் நானாவின் மூத்த சகோதரர் ஹாஜியார். "டீச்சர், தம்பி மௌத்தாகிட்டார். அசர் தொழுகைக்குப் பொறகு அடக்கம்," என்றார்.

நானாவின் நூல்களை வாசித்த உங்களுக்கு அவரை நான் அறிமுகப்படுத்தத் தேவையில்லை. கண்டியைச் சுற்றியுள்ள ஊர்களையும் அங்கே வாழ்ந்த மனிதர்களையும் பற்றி ஐந்து நூல்கள் எழுதினார். ஐந்துக்கும் அச்சுப்பிழை பார்த்தவள் நான். என் யாழ்ப்பாணத்துத் தமிழை அவற்றில் நுழைக்கப் பார்த்து ஒவ்வொரு முறையும் தோற்றேன். "வசனத்த நீங்க திருத்துங்க டீச்சர், ஆக்கள நான் பாத்துக்குறன்," என்பார்.

ஐந்தாவது நூலில் அந்த ஆக்கள் விஷயத்திலேயே சறுக்கினார். பொதிமாடுகளில் மலைநாட்டுக்கு உப்பு ஏற்றிவந்த அவருடைய மூதாதையர் உதுமான் லெப்பையின் வரலாறு அது. ஊரார் சொல்லும் கதைக்கெல்லாம் ஆதாரம் கேட்டு உயிரை வாங்குகிறவர், சொந்தக் குடும்பம் என்றதும் ஹாஜியார் சொன்னதை அப்படியே எழுதிவிட்டார். உதுமான் லெப்பைக்கு இருந்த பிள்ளை ஒரே மகன்தான் என்று அச்சாகிவிட்டது.

அந்த மாதமே ஹுன்னஸ்கிரியவிலிருந்து றஹ்மத் என்ற பெண் பழைய காணி உறுதிப் பத்திரம் ஒன்றோடு வந்தார். உதுமான் லெப்பை தன் மகளுக்கு எழுதிக் கொடுத்த உறுதி. அந்த மகளின் வழியில் வந்தவர் றஹ்மத். "காணி எப்பயோ கைமாறிட்டு, அது வாணாம். எங்கட மூத்தம்மாவும் அவர்ட புள்ளதான் எண்டு போடுங்க," என்றார்.

உறுதியைச் சரிபார்த்ததும் நானா திருத்தத் துண்டுகளை அச்சடித்தார். அடுத்த பதிப்பில் சேர்க்கலாமே என்றேன். "இந்தப் பதிப்பே விக்காம இன்னும் கட்டிலுக்குக் கீழ ஈக்கு," என்று சிரித்தார். நூல் யார் யாரிடம் போனது என்று ஒரு கொப்பியில் குறித்து வைத்திருந்தார். பசைப்போத்தலோடு பஸ் ஏறி, அத்தனை வீட்டுக்கும் போனார். கண்டியில் நானும் கூடப் போன ஒரு வீட்டில் நூல் தையல் மெஷினின் காலுக்கு அண்டக் கொடுக்கப்பட்டிருந்தது. குனிந்து எடுத்து, துண்டை ஒட்டி, மறுபடி அங்கேயே வைத்தார். எனக்குத்தான் மானம் போனது.

கடைசியில் ஒரே ஒரு பிரதி மிஞ்சியது. அது ஹாஜியாருடையது. "அப்பிடியொரு புள்ள எங்கட குடும்பத்தில இல்ல. எண்ட புத்தகத்தில கைவைக்க வாணாம்," என்று சொல்லிவிட்டார். அதுவரை பெருநாளுக்கு மட்டும் முகம் பார்த்துக்கொண்ட சகோதரர்கள். இப்போது நானா மாதம் தவறாமல் போனார்; தேநீர் குடித்தார், கேட்டார், வெறுங்கையோடு திரும்பினார். ஏழு வருடம் இப்படியே போனது. விட்டுவிடுங்கள் என்றால், "எங்கட வூட்டுலயே பொய் ஈக்கக்குள்ள மத்தாக்கள்ட வூட்டுல திருத்தி என்ன டீச்சர்?" என்பார். அந்த ஒரு பிரதி அவரை உண்மையாகவே வருத்தியது.

அடக்கம் முடிந்து வந்த ஹாஜியார், அலுமாரியிலிருந்து அந்த நூலை எடுத்து என்னிடம் தந்தார். 'ஒரே மகன்' என்ற சொற்கள் வெட்டப்பட்டு, ஓரத்தில் மகளின் பெயர் ஹாஜியாரின் கையெழுத்தில் இருந்தது. மை மங்கியிருந்தது.

"எப்ப எழுதினீங்கள்?"

"தம்பி உறுதியக் காட்டின அடுத்த கெழம."

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "ஏழு வருசம் அந்த மனுசனை அலைய வச்சிட்டீங்களே! ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?"

"சொல்லீந்தா, பொறகு அவர் எதுக்கு வந்தீப்பார்?" என்றார் ஹாஜியார்.

நானாவின் கொப்பி இப்போது என்னிடம் இருக்கிறது. எல்லாப் பெயருக்கும் நேரே சரி போட்டிருக்கிறார், ஹாஜியாரின் பெயரைத் தவிர. அதற்கு நான் சரி போடப்போவதில்லை. அடுத்த மாதம் கலகெதரவில் ஹாஜியாரைப் பார்க்கப் போகிறேன். றஹ்மத்தும் வருகிறார்.