பெட்டிக்குள் சித்தப்பா

எங்கள் சித்தப்பா டெலிவிஷனைக் கண்ணால் பார்த்ததில்லை. ஆனாலும் அதில் வித்தை காட்டியே தீருவது என்று முடிவு கட்டியிருந்தார். எழுபதுகளில், பள்ளிவாசல் என்ற ஊருக்கு மேலே இருந்த எங்கள் தேயிலை எஸ்டேட்டில் மழைக்காலம் வந்தால் ரேடியோவே பாதி நாள் கொரகொரக்கும். துரையின் பங்களாவில் சமையலுக்கு நின்ற சித்தப்பாவுக்கு, அடுப்பு பற்றவைக்கக் கிடந்த வெளிநாட்டுப் பத்திரிகை ஒன்றில் ஒரு படம் கிடைத்தது. கறுப்புக் கோட்டு, கையில் விரித்துப் பிடித்த சீட்டுக்கட்டு. ஸ்பெயின் தேசத்து வித்தைக்காரராம். அவர் டெலிவிஷனில் வந்தால் ஊரே வேலையைப் போட்டுவிட்டு உட்கார்ந்துவிடும் என்று ஆபீஸ் கிளார்க்கு படித்துச் சொன்னாராம்.

படத்துக்குக் கீழே இருந்தது நாலு வரி. சித்தப்பா எனக்குச் சொன்ன அந்த வித்தைக்காரரின் வாழ்க்கை வரலாறோ மாதக்கணக்கில் நீண்டது. அந்த மனிதரும் மலையில் பிறந்தவராம். அவரையும் முதலில் கிறுக்கன் என்றுதான் சொன்னார்களாம். பெட்டிக்குள் வைத்து ஆணி அடித்தாலும் அடுத்த நிமிஷம் வெளியே நிற்பாராம். எனக்கு அப்போது ஒன்பது வயது. ஒரு வார்த்தை விடாமல் நம்பினேன்.

அப்பாவுக்கு இந்தப் பேச்சே வேப்பங்காய். அவர் ஃபேக்டரியில் தேயிலைப் பெட்டி அடிக்கிறவர். மற்றவர்கள் ஆணியை நேராக அடிப்பார்கள். அப்பா கொஞ்சம் சாய்த்து அடிப்பார். அப்போதுதான் பலகை பிடுங்கிக்கொள்ளாது என்பார். ஆணி தளர்ந்து ஒரு பெட்டி திரும்பி வந்தபோது, ஃபேக்டரிக்குப் பொறுப்பான டீ மேக்கர் அவரை எல்லோர் முன்னாலும் நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்டதை நான் நின்று பார்த்திருக்கிறேன். அன்று அப்பா சாப்பிடவில்லை. அவருக்கு ஆணி எடுத்துக் கொடுத்துக் கொடுத்தே நானும் அடிக்கக் கற்றுக்கொண்டிருந்தேன். சுத்தியல் எனக்குக் கனம். கடைசி அடியில் ஆணியின் தலை எப்போதும் வளைந்துவிடும்.

மெட்ராஸுக்கு டெலிவிஷன் வந்த புதிது. அந்த டெலிவிஷன் நிலையத்தில் வேலை பார்க்கும் ஒருவர் துரைக்கு விருந்தாளியாக வந்தார். சித்தப்பா யாரிடம் எப்படிக் கெஞ்சினாரோ, ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மைதானத்தில் வித்தை காட்ட அனுமதி வாங்கிவிட்டார். பிடித்திருந்தால் மெட்ராஸுக்குக் கூப்பிடுகிறேன் என்று விருந்தாளியும் சொல்லியிருந்தார். உடைந்த பெட்டிகளின் பலகைகளைக் கொண்டு சித்தப்பா ஆள் கொள்ளும் பெட்டி ஒன்று செய்தார். மூடியை அப்பா அடித்தால்தான் எஸ்டேட் நம்பும் என்று அம்மாவைத் தூது விட்டு அப்பாவையும் சம்மதிக்க வைத்தார்.

அன்று காலை பெட்டி தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தில் எங்கள் வீட்டின் பின்புறம் கிடந்தது. நான் சாய்ந்து உட்கார்ந்தபோது, பின்பலகையிலிருந்து ஓர் ஆணித்தலை கையோடு வந்துவிட்டது. தலைக்குக் கீழே ஆணியே இல்லை. அந்தப் பலகையில் எட்டும் அப்படித்தான் இருந்தன. அப்பா மூடி அடிக்கப்போகிற பெட்டி துரைக்கு முன்னால் பிளந்துகொண்டால் அவர் மானம் என்ன ஆவது? சுத்தியலும் நிஜ ஆணிகளும் எடுத்து வந்து எட்டு இடத்திலும் சாய்த்து அடித்தேன். எங்கள் வீட்டில் சுத்தியல் சத்தம் கேட்டு யாரும் எட்டிப் பார்ப்பதில்லை. சித்தப்பாவுக்கு இது இடைஞ்சல் ஆகும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. வித்தை தெரிந்தவருக்கு எட்டு ஆணி ஒரு பொருட்டா?

மத்தியானம் சித்தப்பா பெட்டிக்குள் குந்தினார். அப்பா மூடியை அடித்தார். முன்னால் ஒரு போர்வையைத் திரையாகப் பிடித்து இசைத்தட்டு ஒன்றைப் போட்டார்கள். பாட்டு முடிவதற்குள் சித்தப்பா வெளியே வந்து வணக்கம் வைக்க வேண்டும். பாட்டு முடிந்தது. மறுபடியும் போட்டார்கள். உள்ளே தடதடவென்று தட்டும் சத்தம் கேட்டது. அதுவும் வித்தைதான் என்று கைதட்டினோம். நான்தான் பலமாகத் தட்டினேன். பிறகு உள்ளிருந்து குரல் வந்தது.

"அண்ணே, தெறந்து விடுண்ணே."

அப்பா மூடியைப் பெயர்த்தபோது சித்தப்பாவின் விரல் நுனியெல்லாம் ரத்தம். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. பனி இறங்குமுன் மலையை விட்டு இறங்க வேண்டும் என்று விருந்தாளி ஜீப்பில் ஏறிவிட்டார். சித்தப்பா ஜீப்பைப் பார்க்கவில்லை. பெட்டியைத் திருப்பிப் பின்பலகையைத் தடவினார். எட்டு ஆணியும் சாய்ந்து இறங்கியிருந்தன.

"இது ஒன் அடிதானேண்ணே. ஒனக்கு நான் என்ன செஞ்சேன்?"

அப்பா குனிந்தார். வளைந்த தலைகளை ஒவ்வொன்றாகக் கட்டைவிரலால் தொட்டுப் பார்த்தார். கூட்டத்தில் நான் நின்ற பக்கம் ஒரு தடவை பார்த்தார். பிறகு நிமிர்ந்தார்.

"ஆமாலே, நாந்தான் அடிச்சேன். இந்தக் கிறுக்கு இதோட தொலையட்டும்னு அடிச்சேன்."

அந்த வாரமே சித்தப்பா மலை இறங்கினார். முதலமடைப் பக்கம் மாந்தோப்பில் காவலுக்கு இருப்பதாகவும், சீட்டுக்கட்டைக் கண்டால் எழுந்து போய்விடுவதாகவும் ஒரு லாரிக்காரர் சொன்னார். அப்பா சாகக் கிடந்தபோது ஆள் அனுப்பினோம். எனக்கு அண்ணன் கிடையாது என்று சித்தப்பா சொல்லி அனுப்பினார். அந்த ஆணிகளைப் பற்றி அப்பா கடைசிவரை யாரிடமும் வாய் திறக்கவில்லை. நானாவது போய்ச் சொல்லியிருக்கலாம். ஒரு தடவை பஸ்கூட ஏறினேன். பாதி வழியில் இறங்கித் திரும்பிவிட்டேன். இப்போது சித்தப்பாவும் இல்லை. இனி யாரிடம் சொல்லி என்ன? இரண்டு பேரையும் பிரித்த பாவம் என்னோடுதான் கட்டையில் வேகும்.

அன்றைக்கு எனக்கு இருந்ததெல்லாம் அப்பா மேல் கோபம்தான். அடித்தது நான். ஒரு பலகைகூட அசையவில்லை. அத்தனை பேர் முன்னால் அதைத் தன் வேலை என்று சொல்லிக்கொண்டாரே என்று பொருமினேன். மைதானத்துச் சரிவில் இறங்கும்போது அப்பா கையை நீட்டினார். நான் பிடிக்கவில்லை.