நடுவில் உயரமாக ஒரு கல்

பல் மருத்துவமனையின் காத்திருப்பு அறையில், சட்டைக் கையைத் தோள்வரை சுருட்டிக்கொண்டு மீன்தொட்டிக்குள் கையை விட்டிருந்தவரை எல்லாரும் கல்லு மாமா என்றுதான் கூப்பிடுவார்கள். இருபத்திரண்டு வருடமாக மீன்தொட்டி பராமரிப்பதுதான் பிழைப்பு. புது மீன் விடும் நாளில் விளக்கை அணைத்துவிட்டு, உள்ளே இருக்கும் கல் அத்தனையையும் இடம் மாற்றுவார்.

"அழகாத்தானே இருந்துச்சு மாமா, எதுக்கு இந்த வேலை?" என்றாள் டோக்கன் கொடுக்கும் பெண்.

"அந்த மூலை தன் அப்பன் வீட்டுச் சொத்துன்னு அந்த மஞ்சள் மீனுக்கு நினைப்பும்மா. அப்படியே புதுசை விட்டா கிழிச்சுப் போட்ரும். கல்லை மாத்திட்டா எது யாரோடதுன்னு தெரியாம திருதிருன்னு முழிக்கும். நடுவுல உயரமா ஒரு கல். ஒண்ணு மூஞ்சில ஒண்ணு முழிக்கலன்னாலே பாதிச் சண்டை தீந்துரும்."

"குழாய்க்குப் பின்னாடி வால் கிழிஞ்சு ஒண்ணு நிக்குதே?"

"அதுவா..." கையைத் துடைத்தார். "மத்ததுங்களுக்கு அடிக்க அது ஒண்ணு கிடைச்சிருச்சு. அதான் தங்களுக்குள்ள அடிச்சுக்கல."

"பேசாம உங்க பையனுங்களுக்கு நடுவுலயும் ஒரு கல்லை வைங்க மாமா" என்று அவள் சிரித்தாள்.

அவர் சிரிக்கவில்லை.

மனைவி போனபிறகு, கூடத்து ஜன்னலோர நாற்காலி யாருக்கு என்பதில் தொடங்கிய சண்டை. ஒரே வீட்டில் இரண்டு மகன்களும் ஒரு வருடமாகப் பேசுவதில்லை. போன வாரம் இளையவன் எறிந்த தட்டு மூத்தவனின் புருவத்தைக் கிழித்தது; நான்கு தையல். அடுத்த முறை கத்தியாக இருந்தால்?

அன்று மதியம், மகன்கள் வேலைக்குப் போயிருந்த நேரம், அறுபத்தெட்டு வயசு முதுகை வைத்துக்கொண்டு பீரோவை இழுத்துக் கூடத்தின் நடுவில் நிறுத்தினார். சோபாவைச் சுவரைப் பார்க்கத் திருப்பினார். ஜன்னலோர நாற்காலி சமையலறைக்குப் போனது. கட்டில், துணிமணி, செருப்பு அலமாரி, எதுவும் இருந்த இடத்தில் இல்லை.

மாலையில் மூத்தவன் வந்து வாசலிலேயே நின்றான். பின்னாலேயே இளையவன். இருவரும் திருதிருவென்று முழித்தார்கள். அவர் மூச்சைப் பிடித்துக்கொண்டார்.

"அண்ணே, திருடன் கிருடன் புகுந்துட்டானா?" என்றான் இளையவன்.

ஒரு வருடத்துக்குப் பிறகு அந்த 'அண்ணே'.

"நான்தான்டா மாத்தினேன்" என்றார்.

மூத்தவன் அவரை ஏற இறங்கப் பார்த்தான். தம்பியின் தோளைத் தொட்டு பீரோவுக்கு அந்தப் பக்கம் கூட்டிப்போனான். முகங்கள் தெரியவில்லை, குரல்கள் கேட்டன.

"அம்மா போனதுலேர்ந்தே அப்பா ஒரு மாதிரிதான் இருக்காரு. நீ கவனிக்கல?"

"கவனிச்சேண்ணே. உன்கிட்ட எப்படிச் சொல்றதுன்னுதான்..."

"எங்க டிப்போ பக்கத்துல முதியோர் இல்லம் ஒண்ணு இருக்குடா. நல்லா பாத்துக்கறாங்களாம்."

"ரெண்டு பேருமா நாளைக்கே கொண்டு விட்டுட்டு வந்துரலாம்."

ரெண்டு பேருமா.

புத்தி தெளிவாகத்தான் இருக்கிறது என்று சொல்ல வாயைத் திறந்தார். சொன்னால் நம்புவார்கள். நாற்காலி ஜன்னலுக்குத் திரும்பும். தட்டும் பறக்கும். மூடிக்கொண்டார்.

இளையவன் எட்டிப் பார்த்தான். குழந்தையிடம் பேசுவதுபோலக் கேட்டான்: "அப்பா, உங்க பெட்டிய எங்கப்பா வெச்சீங்க?"

"செருப்பு அலமாரிக்குப் பின்னால."

அண்ணனும் தம்பியும் ஆளுக்கொரு பக்கம் பிடித்து அலமாரியை நகர்த்தினார்கள்.

"பாத்துடா, விரலை நசுக்கிக்காத" என்றான் மூத்தவன்.