சவப்பெட்டியின் மேல் விழுந்த அடி

சுவான்சோ கடற்கரையில் சிப்பி உடைத்துப் பிழைத்தவள் பெய்ஹுவா. மகன் துன்ஷெங் வயிற்றில் இருக்கும்போதே கணவனைக் கடல் விழுங்கிவிட்டது. சிப்பிக் கத்தி கிழித்த தழும்பு இல்லாத விரல் அவள் கையில் இல்லை. ஆனால் அந்தக் கை ஒரு நாளும் பிள்ளைமேல் ஓங்கியதில்லை!

அந்தப் பிள்ளை இன்று முற்றத்தில் சவப்பெட்டிக்குள் கிடந்தான். அவனையும் கடல்தான் கொன்றது.

பெற்றவளை முந்திச் சாகிற மகன் பாவி என்பது அந்த ஊர் நம்பிக்கை. அவளே கோலெடுத்துப் பெட்டியை அடித்துத் தண்டித்தால்தான் மேலுலகத்தில் அவனுக்குத் தண்டனை குறையும். மூத்தவள் என்பதால் துக்க உடை, மண்டியிடுவது, புதைக்கப் பெட்டியோடு மலையேறுவது எதுவும் அவளுக்குக் கிடையாது. அடி மட்டும் உண்டு.

கணவனின் அண்ணன் ஷௌகுன் கோலை நீட்டினார். "அடிம்மா. தூக்குறவங்க காத்துக்கிட்டு நிக்கிறாங்க."

"என்னால முடியாது மாமா. உயிரோட இருந்தப்பவே அடிக்காதவ நான்."

துக்கத்துக்கான சணல் உடையில் மண்டியிட்டிருந்த மருமகள் சியூஜின் சீறினாள். "உங்க செல்லம் இன்னும் தீரலையா அத்தை? அங்க போய் அவரு அடிபடணுமா?"

பெய்ஹுவா கண்ணை மூடிக்கொண்டு மெல்லத் தட்டினாள்.

"கொசுவா அடிக்கிற? எமனுக்குக் கேக்க வேணாமா?" என்றார் ஷௌகுன். யாரோ சிரித்தார்கள்.

"என்னை விட்டுட்டு ஏன்டா போன?" அலறிக்கொண்டு ஓங்கினாள் பெய்ஹுவா. அடி, மேலும் அடி. மரம் சிராய்ந்தது. கோல் முறிந்தது. முறிந்த துண்டாலும் அடித்தாள். பெண்கள் அவளை உள்ளே இழுத்துப் போட்டுக் கதவைத் தாழிட்டார்கள். சவ ஊர்வலத்தின் ஊதுகுழல் ஓசை மலைப்பக்கம் தேய்ந்து போவதை அவள் இருட்டறையில் கேட்டுக்கொண்டிருந்தாள்.

புதைத்துவிட்டுத் திரும்பியவர்கள் பரிமாற அவளைத் திறந்துவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தார்கள்.

"பெத்தவளா அவ? பேய் மாதிரில்ல அடிச்சா!" ஷௌகுன்தான் பக்கத்து மேசைக்குச் சொல்லிக்கொண்டிருந்தார்.

சூப் பாத்திரத்தோடு பின்னால் நின்ற பெய்ஹுவா மெதுவாகக் கேட்டாள். "மாமா, அவனுக்கு வலிச்சிருக்குமா?"

"பைத்தியமா உனக்கு? செத்தவனுக்கு ஏது வலி?"

"அப்போ எதுக்கு என் கையால அடிக்க வச்சீங்க?"

ஷௌகுன் கிண்ணத்தை அவள் பக்கம் நகர்த்தினார்.

"ஆறிடும். ஊத்து."

ஊற்றினாள். அடித்த அதே கையால்.