மாப்பிள்ளை ஏறிய பிரெஞ்சுக் கார்

புளியும் சாம்பலும் போட்டுத் தேய்த்த பித்தளையின் வாசனை மூக்கில் ஏறினால் எனக்கு இன்றும் அப்பாவின் கார்தான் நினைவுக்கு வரும். கூடவே வெட்கமும் வரும்.

பிரான்ஸ் நாட்டில் மோட்டார் வண்டி செய்யத் தொடங்கிய காலத்து வண்டி அது. கூரை கிடையாது. வட்டமான ஸ்டியரிங்குக்குப் பதில் படகுச் சுக்கான்போல ஒரு கம்பி, மரச் சக்கரங்கள், பின்சக்கரத்தை இழுக்க ஒரு சங்கிலி, முன்னால் இரண்டு பெரிய பித்தளை விளக்குகள். கிள்ளான் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் அப்பா டிரைவராக இருந்தபோது, புதுக் கார் வாங்கிய வெள்ளைக்காரத் துரை இதை அப்பா தலையில் கட்டிவிட்டார். பிறகு நாங்கள் குடிவந்த பிரிக்பீல்ட்ஸ் பகுதியில் எங்கள் வரிசைவீட்டுக்காரர்கள் அதைத் "துரை வண்டி" என்பார்கள். அப்பாவுக்குத் தலைகால் புரியாத பெருமை. யுத்தத்தில் நாட்டைப் பிடித்து, ஊரிலுள்ள கார்களையெல்லாம் பிடுங்கிய ஜப்பான்காரன் இதை மட்டும் பார்த்துச் சிரித்துவிட்டுப் போனான். அதையும் அப்பா பெருமையாகத்தான் சொல்லிக்கொண்டார்.

சயாமில் ரயில் பாதை போட ஜப்பான்காரன் ஆண்களைப் பிடித்து லோரியில் ஏற்றிக்கொண்டு போன நாட்கள் அவை; போனவர்கள் திரும்பியதாகச் செய்தி இல்லை. கல்யாணமாகாதவர்களைத்தான் முதலில் பிடிக்கிறார்கள் என்று பேச்சு பரவியதால், என் அக்காவுக்கும் பங்சாரில் இருந்த மாப்பிள்ளைக்கும் அவசர அவசரமாக நாள் குறித்தார்கள். பெட்ரோல் ஒரு சொட்டு கிடையாது. "நடந்தே வரட்டுமேங்க, கூப்பிடு தூரந்தானே" என்றார் அம்மா. "என் மருமகன் கார்லதான் வருவாரு" என்று அப்பா ஒற்றைக்காலில் நின்றார். மரவள்ளிக்கிழங்கே தின்று நாக்குச் செத்திருந்த காலம். "தம்பிகளா, கல்யாணச் சோறு இருக்கு, கொஞ்சம் தள்ளிக் குடுங்கப்பா" என்று அப்பா கேட்டதும் பக்கத்து வீட்டு ஆண்கள் நால்வர் சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டு வந்தார்கள்.

மாப்பிள்ளை மாலையும் தலைப்பாகையுமாக மேலே உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் எட்டு வயதுப் பெண்ணாக நான். முன்னால் கம்பியைப் பிடித்தபடி அப்பா, பின்னால் தள்ளியபடி அந்த நால்வர். பாதி வழியில் ஒரு லோரி குறுக்கே நின்றது. ஜப்பான் அதிகாரியோடு இறங்கிய தமிழ் மொழிபெயர்ப்பாளர், "மேல உக்காந்திருக்கிறது யாரு?" என்றார்.

"என் மருமகன், ஐயா. இன்னிக்குக் கல்யாணம்."

"தள்ளுறவங்க?"

அப்பா திரும்பிப் பார்க்கவில்லை. "கூலி ஆளுங்க, ஐயா."

காலையில் தம்பிகளாக இருந்தவர்கள்! அதிகாரி எங்களைப் போகச் சொல்லிவிட்டு நால்வரையும் லோரியில் ஏற்றினான். தள்ள ஆளில்லாத காரை ஓரத்தில் விட்டுவிட்டு, நல்ல நேரம் தப்பிவிடக் கூடாதென்று நடந்தே வீடு வந்து சேர்ந்தோம். மாப்பிள்ளையின் மாலைகூட வாடவில்லை, அவ்வளவுதான் தூரம்.

"தாலி ஏறுற வரைக்கும் மூச்சு விடாதே" என்று அப்பா என் காதில் சொன்னார். விடவில்லை. பந்தியில் உட்கார்ந்திருந்த லெட்சுமி அக்கா, தள்ளப் போன முனியாண்டி அண்ணனின் மனைவி, அம்மாவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே கேட்டார்: "எங்க வீட்டுக்காரரு இன்னும் வண்டியத் தள்ளிக்கிட்டா இருக்காரு? அவரு பங்க எடுத்து வைங்கக்கா." அப்பா கொல்லைப்பக்கம் போய்விட்டார். நடந்ததைச் சொல்லும் பொறுப்பு அம்மா தலையில் விழுந்தது.

நால்வரும் திரும்பவில்லை. கார் பின்னாளில் பழைய இரும்புக்குப் போனது. வரிசைவீடுகள் இருந்த இடத்தில் இப்போது அடுக்குமாடி. "அந்தக் கார் இல்லன்னா தாத்தா சயாமுக்குப் போயிருப்பாரு லா" என்று அக்காவின் பேரப்பிள்ளைகள் விருந்துகளில் சொல்லிச் சிரிக்கும்போது நான் தலையைக் குனிந்துகொள்வேன். தள்ளியவர்கள் யார் என்று ஒரு பேத்தி போன தீபாவளிக்குக் கேட்டாள். முனியாண்டி என்றேன். மற்ற மூவரின் பெயர் எங்கள் குடும்பத்தில் ஒருவருக்கும் தெரியவில்லை.