"நான்தான்" என்றார் காதர்

மீஞ்சூர் ஸ்டேஷனில் ரயிலுக்கு நின்றபோது எங்கள் கேமராமேனிடமிருந்து போன் வந்தது. காலையில் நெஞ்சுவலி, ஆஸ்பத்திரி போய்ச் சேர்வதற்குள் காதர் போய்விட்டார் என்றார். வந்த ரயிலில் ஏறத் தோன்றவில்லை. காதர் எழுதி, நடித்து, தயாரித்த தொலைக்காட்சித் தொடரைப் பார்த்துச் சிரித்தவர்களுக்காக இதை எழுதுகிறேன். ஆனால் இது சிரிக்கிற சங்கதி இல்லை.

பழவேற்காட்டில் கருவாட்டு வியாபாரம் செய்த குடும்பம் அவருடையது. அது பிடிக்காமல் கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் வேலைக்குச் சேர்ந்தார். நானும் அதே ஷிப்ட். அங்கே பார்த்ததைத்தான் பிறகு இருவரும் தொடராக எழுதினோம். எரிந்து விழும் சூப்பர்வைசராக அவரே நடித்தார்.

ஒவ்வொரு வாரமும் படப்பிடிப்புக்கு முன்னால், புதுவாயல் டீக்கடையில் ஷிப்ட் முடிந்து வருகிறவர்களுக்கு முழுக் கதையையும் படித்துக் காட்டுவார். அவர்கள் சிரிக்காத வரியை அங்கேயே அடித்துவிடுவார். "வேல முடிச்சிட்டு வர்றவன் சிரிச்சா போதும் நைனா, மீதிய கேமரா பாத்துக்கும்" என்பார். எனக்கு அந்த வழக்கமே எரிச்சல்.

ஒரு முறை, பிரஸ் மெஷினில் விரல் போன தொழிலாளி மிச்ச விரல்களில் லீவை எண்ணுவதாக ஒரு காட்சி. காதர் நடித்தே படித்தார். யாரும் சிரிக்கவில்லை. பின் பெஞ்சிலிருந்து ஒருவர் டம்ளரை வைத்துவிட்டு எழுந்து வந்தார். வலது கையில் இரண்டு விரல் இல்லை. அவரோடு இன்னும் நாலைந்து பேர் எழுந்து எங்களைச் சுற்றி நின்றார்கள்.

"இத்த எழுதுனது யாரு? ரெண்டு பேர்ல ஒருத்தர் சொல்லுங்க."

நான் காகிதத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"நான்தான்" என்றார் காதர். "தப்புதான். மன்னிச்சிக்கோங்க."

விரல் இழந்தவர் அடிப்பார் என்றே நினைத்தேன். அவர் அடிக்கவில்லை. "இந்தக் கையால எம் பொண்ணுக்குத் தல பின்ன முடியல பாய். அத்தயும் எழுதிக்கோ" என்று சொல்லிவிட்டுப் போனார்.

இன்னொரு தடவை எபிசோட் தாமதித்தால் எங்கள் ஞாயிறு மாலை நேரம் பறிபோகும் என்று சேனல் ஏற்கெனவே எச்சரித்திருந்தது. அந்தக் காட்சி இருக்கட்டும் என்று வேனில் அவரோடு சண்டை போட்டேன். இந்த வாரம் எபிசோட் இல்லை என்று என் எதிரிலேயே சேனலுக்குப் போனில் சொன்னார். எங்களை மதிய நேரத்துக்குத் தள்ளினார்கள். தொடர் அதன்பின் தேறவே இல்லை.

பழியை ஏன் வாங்கிக்கொண்டீர்கள் என்று கேட்டேன். "நீ எழுதிக் குடுத்தப்போ நான் சிரிச்சேனே நைனா" என்றார். அதற்குமேல் அவர் அதைப் பற்றிப் பேசியதில்லை, யாரிடமும்.

பழவேற்காட்டில் அடக்கம் முடிந்து வெளியே வரும்போது, இரண்டு விரல் இல்லாத அந்தக் கை என் தோளைத் தொட்டது. "எழுதுனது தப்புதான். ஆனா நான்தான்னு ஒத்துக்குனாரு பாரு, அந்த மன்சன் ஒசத்தி" என்றார். என் முகத்தையே பார்த்தார். நான் இரண்டாம் முறையும் வாய் திறக்கவில்லை, தலையை மட்டும் ஆட்டினேன்.

காதர் சொன்னதில் நான் வைத்துக்கொள்ளப்போவது அந்த ஒரு வார்த்தைதான். அந்தக் காட்சியை எழுதியது யார் என்று டீக்கடையில் கேட்டீர்களே அண்ணே, நான்தான்.