பறக்கும் கட்டிலும் திண்டிவனத்து டெண்ட் கொட்டாயும்

உலக சினிமாவைப் பற்றிப் பேச என்னைவிடத் தகுதி குறைந்த ஆள் தென்னாற்காட்டில் கிடையாது. ஆனாலும் அதற்கு மைக் பிடித்து விளக்கம் சொன்ன ஆள் நான்தான். கட்டில் கடல்மேல் பறக்கும், நிழல் தனியாக எழுந்து நடக்கும், யாரும் ஏன் என்று கேட்க மாட்டார்கள். அப்படிக் கவிதையாகவே ஓடுகிற அயல்நாட்டு மாயப் படங்கள் உண்டு. பின்னாளில் மதராசில் அந்த வகையில் சிலவற்றைப் பார்த்தேன். கண்ணாடி போட்டவர்கள் மூச்சுவிடாமல் பார்த்துவிட்டு, வெளியே வந்து டீ குடித்துக்கொண்டே "குறியீடு, குறியீடு" என்றார்கள். என்னால் சிரிப்பை அடக்க முடியவில்லை. ஏனென்றால் அந்த வகைப் படத்தை நான் முதன்முதலில் பார்த்தபோது என் கல்யாணமே அதில் தொங்கிக்கொண்டிருந்தது.

அறுபதுகளின் தொடக்கம் அது. விழுப்புரம் ஜங்ஷனில் எனக்குப் பார்சல் ஆபீஸ் வேலை. ஊரில் என் பெயரைச் சொல்லி விசாரித்தால் யாருக்கும் தெரியாது, 'பெஞ்சு' என்றால் வீடுவரை கொண்டுவந்து விடுவார்கள். பள்ளிக்கூடத்தில் நான் உட்கார்ந்து படித்ததைவிட பெஞ்சு மேல் நின்று படித்ததுதான் அதிகம். வாத்தியார்களுக்கு என் முகம் பிடிக்கவில்லை. அது சும்மா இருக்கும்போதும் சிரிக்கிற மாதிரியே இருக்கும். இதே முகத்தோடு காணையில் பெண் பார்க்கப் போனபோது, "பையன் சிரிச்சிக்கினே இருக்கானே, இன்னா சீக்கு?" என்று கேட்டு அனுப்பிவிட்டார்கள். கோலியனூரிலும் ஏறக்குறைய அதே கதை.

பிறகுதான் திண்டிவனத்து இடம் வந்தது. பெண்ணின் அப்பா டெண்ட் கொட்டாய் முதலாளி. தரகர் ஒரு போட்டோவைக் காட்டினார். அதில் அவள் சிரிப்பை அடக்கப் பார்த்துத் தோற்றுப்போயிருந்தாள். எனக்கு ஜோடி அகப்பட்டுவிட்டது என்று அப்போதே முடிவு கட்டிவிட்டேன். அடுத்த வெள்ளிக்கிழமை பெண் பார்க்கப் போவதாக ஏற்பாடு.

ஆனால் திங்கட்கிழமையே தரகர் பார்சல் ஆபீசுக்கு ஓடிவந்தார்.

"பேஜாராயிடுச்சிப்பா. உங்க மாமனாரு ஆவப்போறவரு உடனே கூப்புடறாரு. ஜல்தியா கெளம்பு!"

"எதுக்கு மாமா?"

"அதெல்லாம் எனக்கு எங்கப்பா தெரியும்? நீதான் வேணுமாம். சட்டைய மாத்திக்கினு வா."

திண்டிவனத்தில் பஸ்ஸைவிட்டு இறங்கியதும் முதலாளியே எதிரே வந்து நின்றார். பெரிய மீசை, அதற்குப் பின்னால் சின்ன மனிதர்.

"வாங்க தம்பி. நல்ல நேரத்துல வந்தீங்க. மதராஸ்லேந்து சண்டப்படம் வரணும். பொட்டிய மாத்திட்டானுங்க. பாண்டிச்சேரிக்குப் போற பொட்டி இங்க வந்துடுச்சி, நம்ம பொட்டி அங்க போயிடுச்சி. நாளன்னிக்குதான் மாத்தித் தருவானுங்களாம். ரெண்டு நாளு கொட்டாய மூட முடியுமா? பாண்டிச்சேரிப் படம்னா பிரெஞ்சாத்தான இருக்கும். நீங்கதான் பிரெஞ்சு தெரிஞ்சவராச்சே, மைக் புடிச்சி தமிழ்ல சொல்லிடுங்க!"

"யாரு, நானா?"

"அட, தரகர் மொத நாளே சொன்னாரே, 'விழுப்புரத்துப் பையன், பிரெஞ்சு'ன்னு. எம் பொண்ணும் பாண்டிச்சேரில அவ அத்த வீட்ல தங்கி கன்னியாஸ்திரிங்ககிட்ட பிரெஞ்சு படிச்சவ. ஜாதகம்கூட பாக்க வேணாம்பான்னுட்டா, பிரெஞ்சு பொருந்துதே, அது போதும்னு. ஆனா பொண்ணு போயி மைக் புடிச்சா ஊரு இன்னா பேசும்? அதான் உங்கள கூப்டேன். அவ பொம்பளைங்க பக்கம் உக்காந்து கேட்டுக்கினு இருப்பா."

எனக்கு அப்போதுதான் விளங்கியது. விழுப்புரத்தில் கிளம்பிய 'பெஞ்சு', நடுவழியில் மயிலத்துக்கு வந்து, பஸ் இரைச்சலில் தரகர் காதில் விழுந்து, 'பிரெஞ்சு' ஆகியிருந்தது. உண்மையைச் சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன்.

"அய்யா, அது பிரெஞ்சு இல்லீங்க, பெஞ்சு..."

"பெஞ்சா? உங்களுக்கு எதுக்கு தம்பி பெஞ்சு? டேய், தம்பிக்கு சேர் போட்ரா!"

அந்தக் கொட்டாயில் தரை, பெஞ்சு, சேர் என்று மூன்று வகை டிக்கெட். எனக்கு உயர்ந்த இடம் கொடுத்து உட்காரவைத்து, கையில் மைக்கையும் திணித்துவிட்டார். எதிரே மணல் தரையில் ஊரே உட்கார்ந்து வறுத்த மல்லாட்டையை, அதாவது வேர்க்கடலையை, உடைத்துத் தின்றுகொண்டிருந்தது. இடது பக்கம் ஆண்கள், வலது பக்கம் பெண்கள், நடுவே இடுப்பளவு மண்சுவர். அந்தச் சுவருக்கு அப்பால் எங்கேயோ அவள். அவளுக்குப் பிரெஞ்சு தெரியும். எனக்குத் தெரியாது. என் ஒவ்வொரு வார்த்தையையும் அவள் எடை போடுவாள். ஓடிவிடலாம் என்றால் முதலாளியின் மீசை வழியை அடைத்துக்கொண்டு நின்றது.

விளக்கு அணைந்தது. எழுத்து வந்தது. வந்த எழுத்தில் R எல்லாம் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றது. N-ன் கோடு மேலும் கீழும் மாறிக் கிடந்தது. எனக்கு ஒரே சந்தோஷம், தப்பு என் பேரில் இல்லையே!

"ஆப்பரேட்டரு! ரீலத் திருப்பிப் போட்டுட்டீங்க!" என்று மைக்கிலேயே அதட்டினேன்.

ஆப்பரேட்டர் முணுமுணுத்துக்கொண்டே கழற்றித் திருப்பிப் போட்டார். இப்போது R நேராகிவிட்டது. ஆனால் அதுவரை ஒழுங்காக இருந்த E திரும்பிக்கொண்டது. சத்தமும் நின்றுபோனது. தரை டிக்கெட் விசிலடித்தது. "இன்னாங்க, இதுல எந்தப் பக்கம்தான் முன்பக்கம்?" என்று ஆப்பரேட்டர் கத்த, "பழையபடியே போடுங்க, பிரெஞ்சுல அப்படித்தான்" என்று சொல்லிவிட்டேன்.

கதை தொடங்கியது. கடலோரத்தில் கலங்கரை விளக்கு. அதைக் காக்கிற தாடிக்காரன். அவன் விளக்கை ஏற்றியதும் அந்த வெளிச்சத்தின் வழியாகவே நடந்து ஒரு பெண் இறங்கி வருகிறாள். வீட்டுக்குள் வந்ததும் அவள் நிழல் அவளைவிட்டுக் கழன்று, சமையல்கட்டுக்குப் போய்ப் பாத்திரம் தேய்க்கிறது. தாடிக்காரன் அவளிடம் நீளமாக என்னமோ சொன்னான். ஒரு வார்த்தைகூடப் புரியவில்லை.

"அவரு சொல்றாரு," என்றேன், "அம்மாடி, சோறு ஆயிடுச்சான்னு கேக்கறாரு."

"அம்மாம் நீளமா பேசனாரே, சோறு மட்டுந்தானா?" என்றது பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு குரல்.

கொட்டாய் சிரித்தது. "குழம்பும் கேட்டாரு" என்றேன். இன்னும் சிரித்தது. பயம் கொஞ்சம் இறங்கி, அந்த இடத்தில் கிறுக்கு ஏறியது. நிழல் பாத்திரம் தேய்ப்பதைப் பார்த்து ஒரு அம்மாள், "அடியம்மா, எனக்கு இப்பிடி ஒரு நெழலு இருந்தா நான் தெனம் சினிமா பாப்பேனே!" என்றாள். "மாமியாருக்குத் தெரியாத வரிக்கும் சரிங்க" என்று மைக்கில் பதில் சொன்னேன். கட்டில் அந்தப் பெண்ணோடு சன்னலைத் தாண்டிப் பறந்து கடலுக்குப் போனபோது, அதற்குக் கண்டக்டர், டிக்கெட், சில்லறைத் தகராறு எல்லாம் வைத்துவிட்டேன். மல்லாட்டை உடைக்கும் சத்தம்கூட நின்றுவிட்டது.

அப்போதுதான், 'சோறு மட்டுந்தானா' என்று கேட்ட அதே குரல் மறுபடி எழுந்தது.

"ஏங்க, வெளக்கம் சொல்றவரே! இவங்க பேசறதுல ஒரு வார்த்தகூட பிரெஞ்சு இல்லீங்க. எங்க சித்தப்பா வாங்கற ருஷ்யாப் பத்திரிகை அட்டையில இதே எழுத்துதான் இருக்கும். இது ருஷ்யாப் படம்!"

குரல் யாருடையது என்று யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் பிரெஞ்சு படித்தவள் ஒருத்திதான். முதலாளியின் மீசை மெதுவாக என் பக்கம் திரும்பியது. திண்டிவனமும் போயிற்று, இனி எந்த ஊரில் பெண் தேடுவது என்று ஒரு கணம் யோசித்தேன். பிறகு என் முகம் வழக்கம்போலத் தானாகச் சிரித்துவிட்டது.

"அம்மா சொல்றது சரிதாங்க," என்றேன் மைக்கில். "எனக்கு பிரெஞ்சும் தெரியாது, ருஷ்யாவும் தெரியாது. விழுப்புரத்துல என்னிய பெஞ்சுன்னு கூப்புடுவாங்க. படிக்கிறப்ப பெஞ்சு மேலயே நின்னுக்கினு இருப்பேன். அது மயிலம் தாண்டறதுக்குள்ள பிரெஞ்சாயிடுச்சி."

சுவருக்கு அப்பால் ஒரு சிரிப்பு வெடித்தது. அடக்கப் பார்த்து, முடியாமல், மூக்கு வழியாகவெல்லாம் வந்த சிரிப்பு. அதைத் தொற்றிக்கொண்டு பெண்கள் பக்கம் முழுதும், பிறகு ஆண்கள் பக்கம். தரை டிக்கெட்டில் ஒருவர் எழுந்து நின்று, "ருஷ்யாவா இருந்தா இன்னா, லண்டனா இருந்தா இன்னா! கட்டிலு நடுக்கடல்ல நிக்குது, நீ கதையச் சொல்லுய்யா!" என்று கத்தினார்.

சொன்னேன். ஆனால் இப்போது தனியாக இல்லை. நான் ஒன்று சொன்னால் சுவருக்கு அப்பாலிருந்து அவள் திருத்தினாள். வேறு உடையில் ஒருத்தி திரையில் வந்ததும், "அது அவ தங்கச்சி" என்றேன். "தங்கச்சி இல்ல, அவளோட நெழலுதான், புடவ மாத்திக்கினு வந்திருக்கு" என்றாள். அவள் சொன்னதுதான் பொருத்தமாக இருந்தது. எனக்கு மைக், அவளுக்குத் தொண்டை; ஜெயித்தது தொண்டைதான். இரண்டு பேருக்கும் பாஷை தெரியாததால் யாரும் யாரையும் தப்பென்று நிரூபிக்க முடியவில்லை.

கடைசிக் காட்சியில் அந்தப் பெண் படுத்திருந்த கட்டில் தூரத்துப் புள்ளியாகிப்போனது. தாடிக்காரன் மேலே ஏறி, தன் கையாலேயே விளக்கை அணைத்தான். கடல் இருண்டது.

"போயிட்டா," என்றேன். "இனிமே வர மாட்டா."

"யாரு சொன்னா?" என்றாள். "வெளிச்சம் கண்ணு கூசும், அவ தூங்கட்டும்னுதான் வெளக்க அணைக்கிறாரு. காலைல வருவா."

கொட்டாய் கைதட்டியது. எனக்கல்ல, அவளுக்கு.

கூட்டம் கலைந்தது. டிக்கெட் கொடுக்கும் இடத்தில் முதலாளி நின்றிருந்தார். நான் மைக்கைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, பஸ்ஸுக்கு வழி கேட்கிறவன்போல நின்றேன். அவர் மைக்கைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"எம் பொண்ணுக்கு வாயி கொஞ்சம் ஜாஸ்தி. மனசுல வெச்சிக்காதீங்க, மாப்ள."

தம்பி என்று கூப்பிட்டவர் மாப்ள என்கிறாரே என்று நான் விழித்துக்கொண்டிருக்கும்போது, பெண்கள் வாசல் பக்கமிருந்து அவள் வந்தாள். போட்டோவில் பாதி அடங்கியிருந்த சிரிப்பு நேரில் அந்தப் பாதியும் அடங்கவில்லை. அப்பாவின் தோளுக்குப் பின்னால் நின்றுகொண்டு, என்னிடம் முதன்முதலாக நேரே பேசினாள்.

"நாளைக்கும் இதே படந்தாங்க. வேற கதை சொல்லுங்க."

மறுநாள் பார்சல் ஆபீசுக்கு லீவு போட்டேன்.