மூன்றாவது வாளி

இது நடந்தது. எதிரே சுவர்க் கடிகாரம் இருந்ததால் நிமிடம் தவறாமல் சொல்வேன். ஏன் நடந்தது என்று மட்டும் கேட்காதீர்கள்.

1975 நவம்பர் 14, வெள்ளிக்கிழமை. திருகோணமலைத் துறைமுகத்துக்குத் தேயிலை ஏற்ற வந்த அல்ஜீரியக் கப்பல் ஒன்றின் சமையற்காரர் இறந்திருந்தார். நடுக்கடலில், இரண்டு நாட்களுக்கு முன். உடலை ஐஸ் அறையில் வைத்துக் கொண்டுவந்தார்கள். முஸ்லிம் என்பதால் பள்ளிவாசலுக்கு அறிவித்தார்கள். ஊரில் மையித்து, அதாவது இறந்தவர் உடல், குளிப்பாட்டுகிறவன் நான். என் மனைவி சுபைதா மவுத்தாகிப் போய் ஆறு வருடங்கள். அதன் பிறகு நான் சிரித்ததை யாரும் கண்டதில்லை. இந்த வேலைக்கு அது பொருத்தம் என்று ஊரில் சொல்வார்கள்.

மாலை 6.40. பள்ளிக்குப் பின்னால் உள்ள குளிப்பாட்டும் அறை. பெற்றோமக்ஸ் விளக்கு இரைந்துகொண்டிருந்தது. தண்ணீர் ஊற்ற அபூதாஹிர் வந்திருந்தான். மீன் சந்தையில் தராசு பிடிக்கிறவன். வாய் ஓயாது. அண்ணன் என்ற முறையில் என்னை 'நானா' என்பான்.

"சொந்தம் பந்தம் ஒருத்தரும் இல்லாம... பாவம் நானா இந்த மனிசன்."

"கதைக்காம ஊத்து."

கையைத் தூக்கினேன். விறைத்திருக்கவில்லை. இலேசாக வந்தது. தாடையைக் கட்டியிருந்த துணி தளர்ந்து கிடந்தது. இரண்டு நாள் ஐஸில் இருந்த விரல்கள்... குளிரவில்லை.

6.58. முதல் வாளி. இடது விலாவில் தண்ணீர் பட்டது.

ஹ்க்...

அபூதாஹிர் என்னைப் பார்த்தான். "கேட்டீங்களா?"

"வயித்துக் காத்து. ஊத்து."

அப்படி வருவதுண்டு. பல தடவை கேட்டிருக்கிறேன்.

7.05. இரண்டாவது வாளி. அதே இடம்.

ஹ்க்... ஹ்க்...

காற்று இப்படி நிறுத்தி நிறுத்தி வராது. இது அடக்கிய சிரிப்பு.

"ஆள் மவுத்துத்தானா நானா? நல்லாப் பாருங்க."

எனக்கும் அந்தப் பயம்தான். உயிரோடு ஒருவரை மண்ணுக்குள் வைத்துவிடக் கூடாது. கபன் துணிக்கு வைத்திருந்த பஞ்சில் ஓர் இழை பிய்த்து மூக்கடியில் பிடித்தேன். அசையவில்லை. நெஞ்சில் காதை வைத்தேன். ஒன்றுமில்லை.

7.12. மூன்றாவது வாளி.

வாய் திறக்கவில்லை. சிரிப்பு வந்தது. முழுச் சிரிப்பு.

வாளி உருண்டது. அபூதாஹிர் வெளியே ஓடிவிட்டான். "எனக்கு ஏலா நானா! ஏலா!"

நான் தனியே நின்றேன்.

அவருடைய உதட்டோரம் சற்று ஏறியிருந்தது. எதற்கோ காத்திருப்பதுபோல...

மறுபடி பஞ்சு.

அசையவில்லை.

7.20.

7.31.

கபன் சுற்றி முகத்தை மூடினேன். மூடும்போது பார்த்தேன்.

உதட்டோரம் இறங்கியிருந்தது.

இரவு இஷாத் தொழுகைக்குப் பிறகு அடக்கினோம். ஏழு பேர். நான் யாரிடமும் ஒன்றும் சொல்லவில்லை.

மறுநாள் கப்பல் விடியவே போய்விட்டது. பத்து மணிக்குக் கப்பல் ஏஜன்டின் கிளாக்கர் ஞானசேகரம் என் வீட்டுக்கு வந்தார். கப்பலின் ரேடியோக்காரர் கொடுத்துவிட்ட ஒரு பழைய புகைப்படம் அவர் கையில் இருந்தது.

"ஆரைக் குளிப்பாட்டினனீங்கள் எண்டு தெரியுமோ நானா? அவங்கட ஊரில பேர்போன பகிடிக்காரன். சின்னனில கோப்பிக்கடையளில நடிச்சு, பிறகு மேடை, பிறகு பதினொரு படம். கடைசியில ஆரும் கூப்பிடேல்லை. கப்பலில சமைக்க வந்திட்டார்."

புகைப்படத்தில் அவர் ஒரு மேடைமேல் வெள்ளைத் துணிக்குள் கிடந்தார். பக்கத்தில் வாளியுடன் ஒருவன்.

"பேர் வாங்கிக் குடுத்த நாடகம் இதுதானாம். செத்தமாதிரிக் கிடப்பாராம். தண்ணி ஊத்த ஊத்த மூண்டு தரம் சிரிப்பாராம். மூண்டாந்தரம் குளிப்பாட்டுறவனும் சேந்து சிரிச்சாத்தான் எழும்புவாராம். ஒருநாள் அவன் வேணுமெண்டு சிரிக்காம நிண்டிட்டான். சனம் எல்லாம் போய், விளக்கு அணைச்ச பிறகும் மனிசன் அப்பிடியே கிடந்தாராம்."

ஞானசேகரம் என் முகத்தைப் பார்த்துச் சிரித்தார்.

"கடைசியில நல்ல ஆளிட்டத்தான் வந்து கிடந்திருக்கிறார்!"

அன்று பின்னேரம் அவரை அடக்கிய மையவாடிக்குத் தனியாகப் போனேன். புது மண் இன்னும் ஈரமாக இருந்தது. அதன் முன்னால் நின்று சிரித்துப் பார்த்தேன்.

என் வாயிலிருந்து சத்தம் வரவில்லை.

இன்றைக்கும் வெள்ளிக்கிழமைகளில் போய் முயன்று பார்க்கிறேன்.